பெண்பிள்ளையின் பொழுது

பழைய பங்குகளில் கோவிலும் பள்ளியும் ஒரே மதிலுக்குள் இருப்பது வழக்கம். திருமுழுக்குப் பதிவேடு கோவிலில் இருக்கும். சேர்க்கைப் பதிவேடு பள்ளியில் இருக்கும். முன்னதில் ஏறிய பெயர் பின்னதில் ஏறாமலே போவதுண்டு. ஏறிய பெயரும் இரண்டொரு ஆண்டில் அடிபட்டுப் போவதுண்டு. அவ்வாறு அடிபட்ட பெயருக்கு நேரே, பள்ளியை விட்டு நின்ற காரணத்தை எழுத ஒரு சிறிய கட்டம் இருக்கும். ‘நீண்டநாள் வராமை’ என்று எழுதி அக்கட்டத்தை நிரப்பிவிடலாம். ஆனால் அது காரணம் அன்று. நடந்த செயலுக்கு இட்ட பெயர் மட்டுமே. ஏன் வரவில்லை என்ற வினாவுக்கு அந்தக் கட்டத்தில் இடம் போதாது.

ஏழ்மை என்கிறோம், பெண் என்றால் இளக்காரம் என்கிறோம். இரண்டும் உண்மையே. எனினும் இரண்டையும் கூட்டினால் விடை வந்துவிடும் என்று எண்ணுவது பிழை. வசதியுள்ள வீட்டுப் பெண், பெரியவளானதும் வாசற்படியோடு நிறுத்தப்பட்டாள். அது குடும்ப மானத்தின் பெயரால். ஏழை வீட்டுப் பையன் கூலிக்கு அனுப்பப்பட்டான். அது நாலு காசின் பொருட்டு. ஏழை வீட்டுப் பெண்பிள்ளையின் கதை இவ்விரண்டிலும் அடங்காது. பள்ளி வாசலில் நின்று அவளை எவரும் தடுத்தாக வேண்டிய தேவையே இருக்கவில்லை. விடிந்தது முதல் அடைந்தது வரை அவளுடைய பொழுது ஏற்கெனவே வேறு யாருக்கோ சொந்தமாயிருந்தது. கோவையிலும் அதைச் சூழ்ந்த கொங்குநாட்டிலும் அப்பொழுது யார் யார் கைக்கு மாறி வந்தது என்பதை இங்கே சற்று நினைவுகூர விழைகிறோம்.

கொங்கு மண் மழை குறைந்த மேட்டுநிலம். கிணற்றை நம்பிய வேளாண்மை. ஆழக் கிணற்றிலிருந்து கவலை ஏற்றி நீர் இறைத்து நடந்த பண்ணையத்துக்கு ஆண்டு முழுவதும் ஆள் வேண்டும். அதனால் அருந்ததியர் குடும்பங்கள் பண்ணையாள் முறையில் தோட்டங்களோடு பிணைக்கப்பட்டன. ஆள் கட்டியதென்னவோ குடும்பத் தலைவனை. உழைத்ததோ குடும்பம் முழுவதும். பையன் ஆட்டுப்பட்டிக்குப் போனான். பெண்பிள்ளை சாணம் வழித்தாள், சுள்ளி பொறுக்கினாள், களை வெட்டும் தாய்க்குப் பதிலாகக் கைக்குழந்தையை மரத்துத் தூரியில் போட்டு ஆட்டினாள். பையனுடைய வேலைக்காவது கூலி என்றொரு பேச்சு இருந்தது. அவளுடையதை வேலை என்று சொல்வாரே இல்லை. ஆறு வயதுச் சிறுமி தம்பியைப் பார்த்துக்கொள்வதால்தான் அவள் தாய் கூலிக்குப் போக முடிந்தது என்ற கணக்கை, பண்ணை வீட்டார் மட்டுமல்லர், அவளைப் பெற்றவர்களும் போட்டுப் பார்க்கவில்லை.

இந்நிலத்தில் பெண்கல்விக்கு வித்திட்டவர்களில் நம் திருச்சபைக்கு இடமுண்டு. அதை மறைக்கத் தேவையில்லை. 1853இல் பிரெஞ்சு மறைப்பணியாளரான ஜோசப் லூயி ராவேல் அடிகளார் கோவையில் தொடங்கிய கன்னியர் சபை, பிற்காலத்தில் காணிக்கை அன்னையின் பிரான்சிஸ்கன் சபை என்று பெயர்பெற்றுப் பள்ளிகளை வளர்த்தது. பெண் எழுத்தறிந்தால் கைம்மையடைவாள் என்று அஞ்சிய காலத்தில், கைம்பெண்ணுக்கும் அநாதைப் பெண்ணுக்கும் எழுத்தும் தையலும் கற்பித்தவர்கள் கன்னியர்கள். ஆயினும் ஒன்றைச் சேர்த்தே சொல்லவேண்டும். நாட்டின் பல இடங்களில் ஒரே மதிலுக்குள் இரு பள்ளிகள் எழுந்தன: கட்டணம் கட்டிய ஐரோப்பியர், ஆங்கிலோ-இந்தியர் வீட்டுப் பெண்களுக்கு ஒன்று, ஏழைத் தமிழ்ப் பிள்ளைகளுக்கு மற்றொன்று. முன்னதில் பியானோ ஒலித்தது. பின்னதில் பின்னல் வேலை நடந்தது. அன்பு இரண்டிலும் இருந்தது என்று நம்புகிறோம். எதிர்பார்ப்பு மட்டும் ஒன்றாக இல்லை.

கோவை நகரின் வரலாற்றில் இவ்விரட்டை வழியைக் காட்டும் இரு ஆண்டுகள் உண்டு. 1862இல் ராபர்ட் ஸ்டேன்ஸ் என்னும் ஆங்கில வணிகர் ஐரோப்பிய, ஆங்கிலோ-இந்தியப் பிள்ளைகளுக்கென ஒரு பள்ளியை நிறுவினார். அவரே 1888இல் கோவையின் முதல் பஞ்சாலைக்கும் வித்திட்டார். நம் மறைமாவட்டம் 1886இல் நிறுவப்பட்டது. அதற்கு இரண்டே ஆண்டுகள் இளையது ஆலைச்சங்கு. ஒரு சாரார் பிள்ளைகளுக்குப் பள்ளி மணி, மறு சாரார் பிள்ளைகளுக்கு ஆலைச்சங்கு என்று நகரத்தின் ஓசையே இரண்டாகப் பிரிந்தது. தனியொருவரைக் குறைகூற நாம் இதைச் சொல்லவில்லை. அக்காலச் சட்டம் எதை இயல்பென்று கருதியது என்பதே கவனிக்கத் தக்கது.

1881ஆம் ஆண்டின் தொழிற்சாலைச் சட்டம் 7 வயதுக்கு உட்பட்ட பிள்ளைகளை ஆலையில் சேர்க்கலாகாது என்றது. 7 முதல் 12 வயது வரை நாளொன்றுக்கு 9 மணி நேரம் வேலை வாங்கலாம் என்பது அதன் பொருள். 1891இல் வந்த சட்டம் வயதை 9ஆகவும், நேரத்தை 7ஆகவும் மாற்றியது. 1922இல் வயது 12, நேரம் 6. 1934இல் நேரம் 5. 1948இல்தான் 14 வயது என்ற வரம்பு வந்தது. ஒரு குழந்தையின் பகலிலிருந்து மணிக்கணக்கில் பேரம் பேசி மீட்டெடுக்க அறுபத்தேழு ஆண்டுகள் பிடித்தன! அரைநேரத் தொழிலாளர் என்று அப்பிள்ளைகளுக்குப் பெயர். மீதி அரைநேரம் பள்ளிக்கு என்பது ஏட்டுக் கணக்கு. பஞ்சுத் தூசியை ஏழு மணி நேரம் சுவாசித்துவிட்டு வந்த பிள்ளை எந்த எழுத்தைக் கூட்டிப் படித்திருக்கும்?

அதே 1891இல், மே 15 அன்று, திருத்தந்தை பதின்மூன்றாம் சிங்கராயர் ‘ரேரும் நோவாரும்’ என்னும் திருமடலை வெளியிட்டார். உடலும் உள்ளமும் போதுமான அளவு முதிரும் வரை பிள்ளைகளைத் தொழிற்கூடங்களுக்கு அனுப்பலாகாது என்ற கருத்து அதில் உண்டு. பெண்ணின் இயல்பான இடம் இல்லம் என்ற கருத்தும் அதே பகுதியில் உண்டு. முதற்கருத்து காலத்தை முந்தியது. இரண்டாவது காலத்தோடு ஒட்டியது. ஆலைக்கு வெளியே, இல்லம் என்று சொல்லப்பட்ட அவ்விடத்திலேயே ஒரு சிறுமியின் படிப்பு கரைந்து போகக்கூடும் என்பது அன்றைய ஐரோப்பாவின் கண்ணுக்கும் படவில்லை.

சென்னை மாகாணத்தில் 1920இல் தொடக்கக் கல்விச் சட்டம் வந்தது. உள்ளாட்சிகள் விரும்பினால் தங்கள் எல்லைக்குள் கல்வியைக் கட்டாயமாக்கலாம். பல ஊர்களில் அக்கட்டாயம் முதலில் ஆண்பிள்ளைகளுக்கே பொருந்தியது. பெண்ணைக் கட்டாயப்படுத்தினால் வீட்டு வேலை கெடும் என்ற அச்சத்துக்கு அரசும் தலைவணங்கியது. கொங்குநாட்டில் நல்லுள்ளங்கள் இல்லாமலில்லை. 1930இல் தி. சு. அவினாசிலிங்கம் கோவையில் தொடங்கிய இராமகிருஷ்ண வித்யாலயம் தாழ்த்தப்பட்ட சமூகத்துச் சிறுவன் ஒருவனை முதல் மாணவனாக ஏற்றது. அக்காலக் கொங்குநாட்டில் அது எளிய செயலன்று. கன்னியர்கள் 1948இல் நிர்மலா மகளிர் கல்லூரியைத் திறந்தபோது நம் குடும்பங்கள் பல மகிழ்ச்சியில் திளைத்தன. கல்லூரிப் படி ஏறிய முதல் தலைமுறைப் பெண்கள் ஆசிரியைகளாகவும் மருத்துவர்களாகவும் மலர்ந்தார்கள்.

இவ்விடத்தில் சற்று நின்று நம் வீட்டுக்குள்ளேயே நோக்கவேண்டியிருக்கிறது. நகரப் பங்குகளில் நம் பெண்கள் கல்லூரிக்குப் போன காலத்தில், அடுப்படியைப் பார்த்துக்கொண்டது யார்? கிராமப் பங்கின் உபதேசியாரிடமோ சாமியாரிடமோ சொல்லிவைத்து, ‘கூடமாட ஒத்தாசைக்கு’ ஒரு பெண்பிள்ளையை வரவழைத்துக்கொள்ளும் பழக்கம் நம்மிடையே பரவலாக இருந்தது. பத்து, பதினொரு வயது இருக்கும். பாவாடையும் சட்டையும் எடுத்துக் கொடுத்தோம். ஞாயிறு பூசைக்கு அழைத்துப் போனோம். புதுநன்மைக்கு மந்திரம் சொல்லிக் கொடுத்தோம். கல்யாண வயது வந்தால் தோடு வாங்கித் தருவதாகப் பெற்றோருக்கு வாக்களித்தோம். அதை அறம் என்றே உளமார நம்பினோம். நம் மகள் பள்ளிச் சீருடையில் புறப்பட்ட அதே காலையில், அவளுக்குச் சடை பின்னிவிட்டு, அவளுடைய எச்சில் தட்டைக் கழுவ எடுத்துப் போன சிறுமிக்கும் கிட்டத்தட்ட அதே வயதுதான். அவளும் திருமுழுக்குப் பெற்றவள். அவள் பெயரும் ஏதோ ஒரு பள்ளிப் பதிவேட்டில் ஏறி அடிபட்டிருக்கும். நம் மகளின் கல்வியைப் பெண்கல்வியின் வெற்றி என்று எழுதினோம். இவளைப் பற்றி எவரும் எதுவும் எழுதவில்லை. இங்கே பெண் படித்தாள், பெண்ணே படிக்கவுமில்லை. இருவரையும் பிரித்தது வர்க்கம் என்னும் ஒரு கதவு; கதவின் ஒரு பக்கத்துப் பகல் மறுபக்கத்துப் பகலைத் தின்று வளர்ந்தது.

1953இல் முதலமைச்சர் இராஜாஜி கிராமப்புறத் தொடக்கப் பள்ளிகளின் நேரத்தை நாளுக்கு மூன்று மணியாகக் குறைத்தார். இருக்கின்ற பள்ளிகளிலேயே இரு முறை வைத்து இரட்டிப்புப் பிள்ளைகளைச் சேர்க்கலாம் என்பது அவர் கணக்கு. எஞ்சிய நேரத்தில் பையன் தந்தையின் தொழிலைப் பயிலட்டும், பெண் தாய்க்கு வீட்டில் உதவட்டும் என்றார். குலக்கல்வித் திட்டம் என்று அதற்குப் பெயர் சூட்டி நாடே கொதித்தெழுந்தது. நாவிதர் மகன் நாவிதனாகவே இருக்கவேண்டுமா என்ற கேள்வி மேடைதோறும் முழங்கியது. நியாயமான கேள்வி. ஆனால் தாய்க்கு உதவப் போகும் பெண்ணைப் பற்றி அம்மேடைகளில் எழுந்த ஒலி மிக மெல்லியது. குலத்தொழில் என்பது அவமானம் என்று உணர்ந்த சமுதாயத்துக்கு, அடுப்படியும் ஒரு குலத்தொழிலே என்பது உறைக்கவில்லை. 1954இல் காமராசர் பொறுப்பேற்றதும் திட்டம் கைவிடப்பட்டது. அதை அறிவித்த கல்வி அமைச்சர் பொள்ளாச்சிப் பக்கத்துச் சி. சுப்பிரமணியம், முந்தைய அமைச்சரவையில் அதே திட்டத்துக்காக வாதாடியவரும் அவரே. அரசியலில் இப்படியும் நடப்பதுண்டு.

காமராசர் காலத்துப் பள்ளிப் பெருக்கமும் 1956இல் தொடங்கிய மதிய உணவும் நாம் அறிந்தவை. 1982 ஜூலை முதல் நாள் எம். ஜி. இராமச்சந்திரன் தொடங்கிய சத்துணவுத் திட்டத்தில், அதிகம் பேசப்படாத ஒரு கூறு உண்டு. அது பள்ளிப் பிள்ளைகளோடு நில்லாமல் இரண்டு வயது முதல் ஐந்து வயது வரையிலான குழந்தைகளையும் பால்வாடிகளுக்கு அழைத்தது. சோறு போட்டது என்பதை அனைவரும் கண்டோம். இடுப்பில் இருந்த தம்பியை அக்காவிடமிருந்து நான்கைந்து மணி நேரத்துக்கு வாங்கி வைத்துக்கொண்டது என்பதைக் கண்டவர் சிலரே. நம் பார்வையில், ஏழைப் பெண்பிள்ளைக்குப் பள்ளிக் கட்டடத்தை விடவும் கல்விச் சட்டத்தை விடவும் அதிகம் உதவியது அந்தப் பால்வாடித் திண்ணையே. அரசு முதன்முறையாக, தன்னை அறியாமலேயே, அவளுடைய பொழுதை அவளுக்குத் திருப்பிக் கொடுத்தது. 1991ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில் தமிழ்நாட்டு ஆண்களில் 73.75 விழுக்காட்டினரும் பெண்களில் 51.33 விழுக்காட்டினரும் எழுத்தறிந்தவர்கள். 2011இல் அது முறையே 86.77, 73.44 என்றானது. இடைவெளி சுருங்கியது, மறையவில்லை.

மறையாததற்கு ஆலையும் ஒரு காரணம். 1932இல் பைக்காரா மின்சாரம் வந்தபின் கோவையைச் சுற்றி ஆலைகள் பெருகின. தொடக்கத்தில் பெண்கள் பலர் அவற்றில் வேலை பார்த்தனர். பேறுகாலச் சலுகை தர வேண்டியதாயிற்று. இரவு வேலைக்கும் சட்டம் தடை விதித்தது. மூன்று ஷிப்டு ஓட்டிய ஆலைகளுக்குப் பெண்கள் வேண்டாதவர்களானார்கள். சங்கம் அமைத்துப் போராடி நிரந்தர வேலை பெற்ற ஆண்களின் காலம் அது. பிறகு காற்று திசைமாறியது. திருப்பூரின் பனியன் வேலை உலகச் சந்தைக்கு விரிந்தது. அங்கே ‘கைமடி’ என்ற பெயரில் தையல் எந்திரத்துக்கு அருகே நின்று துணி எடுத்துக்கொடுத்த சிறார் எத்தனையோ பேர். 1990களிலிருந்து நூற்பாலைகள் நிரந்தரத் தொழிலாளரைக் குறைத்து, மணமாகாத இளம்பெண்களை விடுதியில் தங்கவைத்து வேலை வாங்கும் முறைக்கு மாறலாயின. சங்கம் வைக்கமாட்டார்கள், எதிர்த்துப் பேசமாட்டார்கள், மூன்றாண்டில் போய்விடுவார்கள். 2000ஆம் ஆண்டு டிசம்பரில் சென்னை உயர் நீதிமன்றம் பெண்களின் இரவு வேலைக்கான தடையைச் சமத்துவத்துக்கு முரணென்று நீக்கிப் பாதுகாப்பு நெறிகளையும் வகுத்தது. தீர்ப்பின் நோக்கம் உயர்ந்தது. ஆனால் விடுதிப் பெண்களுக்கு இரவும் பகலும் ஒன்றாவதற்கு இனிச் சட்டத்தின் தடை இருக்கவில்லை.

சுமங்கலித் திட்டம், மாங்கல்யத் திட்டம், திருமகள் திருமணத் திட்டம் என்றெல்லாம் அம்முறைக்கு மங்கலப் பெயர்கள் சூட்டப்பட்டன. மூன்றாண்டு முடிந்தால் 30,000 ரூபாயோ 50,000 ரூபாயோ மொத்தமாகக் கிடைக்கும், கல்யாணச் செலவுக்கு ஆகும் என்று தரகர்கள் ஊர் ஊராகச் சென்று சொன்னார்கள். திண்டுக்கல், தேனி, விருதுநகர் என்று வானம் பார்த்த பூமிகளிலிருந்து பெண்கள் வந்தார்கள். பெரும்பாலோர் தலித் குடும்பத்தினர் என்று 2011இல் வெளியான ஆய்வறிக்கை தெரிவித்தது. ஆண்டு முடியுமுன் நோயுற்றுத் திரும்பியவர்களுக்கு மொத்தத் தொகை கைக்கு வராமல் போனதும் உண்டு. பயிற்சியாளர் என்ற பெயரில் குறைந்த கூலி தரப்படுவதைக் கண்டு அரசு 2008இல் ஆலைப் பயிற்சியாளர்களுக்கும் குறைந்தபட்சக் கூலியை நிர்ணயித்தது. 2010 ஏப்ரலில் நடைமுறைக்கு வந்த கட்டாயக் கல்விச் சட்டம் 6 முதல் 14 வயது வரைதான் பேசுகிறது. ஆலைத் தரகர் வாசலில் வந்து நின்றதோ பதினைந்தாவது வயதில்! சட்டம் விடைபெற்ற இடத்தில் அவர் வணக்கம் சொன்னார்.

அந்த வயதில் பத்தாம் வகுப்பில் தவறியவளும் போனாள். நல்ல மதிப்பெண் வாங்கியவளும் போனாள். வரதட்சிணையை 1961ஆம் ஆண்டுச் சட்டம் குற்றமாக்கியது என்பதை நாம் அறிவோம். கோவிலில் ஓலை வாசிக்கும் முன்பே சீரும் சவரனும் பேசி முடிப்பதையும் அறிவோம். அந்தப் பேச்சின் விலையைப் பஞ்சாலை மூன்றாண்டுப் பொழுதாக மாற்றி வாங்கிக்கொண்டது. தம்பியின் கல்லூரிக் கட்டணத்துக்காகப் போன அக்காக்களும் உண்டு. தன் சீருக்கும் தம்பியின் படிப்புக்கும் ஒருத்தியே உழைத்தாள். அவள் படிப்புக்கு மட்டும் உழைப்பார் இல்லை.

அரசும் நெடுங்காலம் கல்யாணத்தின் வழியாகவே பெண்ணின் படிப்பை நோக்கியது. 1989இல் மூவலூர் இராமாமிர்தம் அம்மையார் பெயரில் தொடங்கிய திருமண உதவித் திட்டம், எட்டாம் வகுப்பு வரை படித்த ஏழைப் பெண்ணுக்கு மணநாளில் பணம் தந்தது. பின்னாளில் தாலிக்குத் தங்கமும் சேர்ந்தது. படித்தால்தான் உதவி என்ற விதி பல பெற்றோரைப் பிள்ளைகளைப் பள்ளியில் வைத்திருக்கச் செய்தது என்பதை மறுப்பதற்கில்லை. எனினும் பரிசு கிடைத்தது மணப்பந்தலில். 2022 செப்டம்பர் 5 அன்று அத்திட்டம் புதுமைப் பெண் என்று உருமாறியது. ஆறாம் வகுப்பு முதல் அரசுப் பள்ளியில் படித்து உயர்கல்விக்குச் செல்லும் பெண்ணுக்கு மாதம் 1,000 ரூபாய், அவள் வங்கிக் கணக்கிலேயே. 2024 டிசம்பரில் அரசு உதவிபெறும் பள்ளிகளில் தமிழ்வழி பயின்றவர்களுக்கும் அது விரிவுபடுத்தப்பட்டது. நம் மறைமாவட்டப் பள்ளிகள் பலவற்றில் பயின்ற ஏழைப் பிள்ளைகளையும் எட்டும் மாற்றம் இது. தாலிக்கு என்று வந்த பணம் பேருந்துக்கும் புத்தகத்துக்கும் என்று திரும்புவதற்கு முப்பத்துமூன்று ஆண்டுகள் ஆயின.

அதே 2022 செப்டம்பரில் மதுரையில் தொடங்கிய காலை உணவுத் திட்டம், 2023 ஆகஸ்டில் மாநிலத்தின் அரசுத் தொடக்கப் பள்ளிகள் அனைத்துக்கும் விரிந்தது. விடியுமுன் வேலைக்கு ஓடும் தாய்மார் உள்ள வீடுகளில், தங்கைக்குச் சோறாக்கி வைத்துவிட்டு இரண்டாம் மணிக்குப் பள்ளிக்கு வந்துகொண்டிருந்த அக்காவின் காலைப்பொழுதை அது கொஞ்சம் இலகுவாக்கியது.

இன்று கொங்குநாட்டு ஆலைகளிலும் பனியன் கம்பெனிகளிலும் ஒடிசா, பீகார், ஜார்கண்ட், அசாம் மாநிலத்தவர் திரளாக உழைக்கிறார்கள். தமிழ்ப் பெண்கள் படிக்கப் போய்விட்டதால் காலியான விடுதிக் கட்டில்களில் வேறு மொழி பேசும் பெண்கள் படுத்துறங்குகிறார்கள். குடும்பமாய் வந்தவர்கள் வரிசை வீடுகளில் குடியிருக்கிறார்கள். காலை ஆறு மணிக்கு ஆலை வண்டி வந்து தாயையும் தந்தையையும் ஏற்றிக்கொண்டு போகிறது. ஒன்பது மணிக்கு நம் பள்ளி மணி அடிக்கும்போது அவ்வீட்டு வாசற்படியில் எட்டு வயதுச் சிறுமி ஒருத்தி இடுப்பில் குழந்தையோடு நின்று, சீருடையில் போகிற பிள்ளைகளைப் பார்த்துக்கொண்டிருக்கிறாள். அவள் பெயர் எந்தப் பதிவேட்டிலும் இன்னும் ஏறவில்லை.